49 சதவீதம்: எம்போரியா கெஸட்டும் ஊர்ப் பெரிய மனிதர்களும்

1895 ஜூன் 1. அமெரிக்காவின் கான்சாஸ் மாநிலத்தில் எம்போரியா என்ற ஊரின் ரயில் நிலையம். 27 வயது இளைஞர் ஒருவர் வந்து இறங்குகிறார். பையில் ஒன்றேகால் டாலர். அந்த ஊரின் சின்ன தினசரி ஒன்றை விலைக்கு வாங்கியிருக்கிறார், பொறுப்பேற்க வந்திருக்கிறார். பெட்டியைத் தூக்கிக்கொண்டு நடந்தால் கால் டாலர் மிச்சம். குதிரை வண்டி வைத்துக்கொண்டு போனால் ஊர் பார்க்கும், புது முதலாளி கொஞ்சம் வசதியான ஆள்தான் என்று நினைக்கும். கொஞ்ச நேரம் யோசிக்கிறார். வண்டியில் ஏறிவிடுகிறார். கையில் மிச்சம் ஒரு டாலர்.

அந்த இளைஞர் வில்லியம் ஆலன் ஒயிட். பத்திரிகை, எம்போரியா கெஸட். எட்டாயிரம் பேர் வசித்த ஊர், ஐநூறு பிரதிகூட விற்காத பத்திரிகை. அடுத்த ஐம்பது வருஷத்தில் அமெரிக்காவில் சின்ன ஊர்ப் பத்திரிகை என்றாலே இந்தப் பெயர்தான் என்று ஆகிவிட்டது.

வண்டிக் கதையை ஒயிட்டே தன் சுயசரிதையில் சொல்கிறார். (அவர் இறந்த பிறகு 1946இல் வெளிவந்து மறு வருஷம் புலிட்சர் பரிசு வாங்கிய புத்தகம்.) கதை அழகா இருக்கு. கெஸட்டைப் பற்றி யார் எழுதினாலும் இங்கேதான் ஆரம்பிக்கிறார்கள், பாருங்க நானும்தான். ஆனால் பத்திரிகையின் விலை 3,000 டாலர் என்பதையும் அதில் ஒரு காசுகூட அவருடையது இல்லை என்பதையும் சேர்த்துப் படித்தால் அந்த வண்டிச் சவாரிக்கு வேறு அர்த்தம் வந்துவிடுகிறது. கடன் கொடுத்தவர்களில் அப்போதைய கவர்னர் மாரில் இருக்கிறார். எம்போரியாவை நிறுவியவர்களில் ஒருவரும் செனட்டராக இருந்து காலமானவருமான பிளம்பின் குடும்பச் சொத்திலிருந்து ஒரு பங்கு. உள்ளூர் வங்கியாளர் மேஜர் ஹூட் இருக்கிறார். எல்லாரும் குடியரசுக் கட்சிப் பெரும்புள்ளிகள். பத்திரிகை இவர்கள் தயவில் வாங்கப்பட்டது. வண்டியில் போனது ஊர் ஜனங்களுக்காக மட்டும் இருக்க முடியாது.

கெஸட்டின் வரலாறு வழக்கமாக நாலு தலையங்கங்களின் வரலாறாகத்தான் சொல்லப்படுகிறது. 1896இல் ஒன்று, 1921இல் ஒன்று, 1922இல் ஒன்று, அப்புறம் கூ க்ளக்ஸ் கிளானுக்கு எதிராக எழுதியவை. மனசாட்சியுள்ள ஒரு மனிதர், ஒரு பேனா, ஒரு சின்ன ஊர், உலகமே திரும்பிப் பார்த்தது. இப்படித்தான் கதை போகும். நானும் பல வருஷம் அப்படித்தான் நம்பிக்கொண்டிருந்தேன். இந்த மனிதர் பொறுப்பேற்றதும் எழுதிய முதல் தலையங்கத்தை முழுசாகப் படித்தபோதுதான் எங்கேயோ இடித்தது.

அதில் அவர் சில வாக்குறுதிகள் தருகிறார். இந்த ஊரிலேயே இருந்து கிழவனாகப் போகிறேன், பதவி எதற்கும் நிற்க மாட்டேன், குடியரசுக் கட்சி யாரை நிறுத்தினாலும் ஆதரிப்பேன், கட்சியை விட்டு ஓடமாட்டேன், முறைத்துக்கொண்டு நிற்க மாட்டேன் என்கிறார். இதெல்லாம் அந்தக் காலத்து வழக்கம், விட்டுவிடலாம். நடுவில் ஒரு வாக்கியம் வருகிறது. எம்போரியாவிலும் லயன் கவுன்ட்டியிலும் உள்ள மேலான மனிதர்களின் சராசரிக் கருத்தை இந்தப் பத்திரிகை பிரதிபலிக்க வேண்டும், அதுதான் முக்கியம் என்கிறார்.

மேலான மனிதர்களின் சராசரிக் கருத்து. யார் மேலானவர்கள் என்று அவர் விளக்கவில்லை. விளக்கத் தேவையும் இருக்கவில்லை, கடன் பத்திரத்தில் பெயர்கள் இருந்தன. நம்ம ஊர்ப் பேச்சில் சொன்னால் "ஊர்ப் பெரிய மனுஷங்க". கெஸட்டின் ஐம்பது வருஷமும் இந்த ஒற்றை வாக்கியத்தோடு நடந்த மல்லுக்கட்டு என்றுதான் எனக்குப் படுகிறது. அந்த வாக்கைக் காப்பாற்றிய நாட்களில் அது நல்லா ஓடிய வியாபாரம். மீறிய சில நாட்களில்தான் அது பத்திரிகை.

முதலில் வியாபாரத்தைப் பார்த்துவிடலாம். கெஸட் 1890இல் ஆரம்பித்தது பாப்புலிஸ்ட்களின், அதாவது கடனில் முழுகிய விவசாயிகளின் கட்சியின் பத்திரிகையாக. அது ஓடவில்லை. கைமாறி குடியரசுக் கட்சிக்காரரான மார்கனிடம் வந்து, அவரிடமிருந்து ஒயிட்டிடம் வந்தது. விவசாயிகளுக்காகத் தொடங்கிய பெயர்ப்பலகையை விவசாயிகளுக்கு எதிராகவே திருப்பியவர் ஒயிட் என்பது நாலு தலையங்கக் கதையில் அடிபடுவதே இல்லை. ஊரில் ஏற்கெனவே எஸ்க்ரிட்ஜ் என்பவர் நடத்திய 'எம்போரியா ரிப்பப்ளிகன்' இருந்தது. ஊரில் இரண்டு வங்கிகள், இரண்டு கோஷ்டிகள், இரண்டு பத்திரிகைகள். கெஸட் ஹூட்டின் பக்கம். இரண்டும் குடியரசுக் கட்சிப் பத்திரிகைகள்தான், அதனால் சண்டை கொள்கைச் சண்டை இல்லை. அரசு அச்சு வேலை யாருக்கு, தபால் அலுவலக நியமனத்தில் யார் வார்த்தை எடுபடும் என்பதுதான் சண்டை.

இந்தப் போட்டியில் ஒயிட் ஜெயித்ததற்குக் காரணம் தலையங்கம் இல்லை, உள்ளூர்ச் செய்தி. இன்னார் டொபீகாவுக்கு ரயிலேறினார், இன்னார் வீட்டுக்கு மாமியார் வந்திருக்கிறார், இன்னார் திண்ணைக்கு வர்ணம் அடித்தார் என்கிற ரகத்தில் இரண்டு வரி, மூன்று வரிக் குறிப்புகள். இந்தக் குறிப்புகளின் மகிமை ஒயிட்டுக்கே நன்றாகத் தெரியும். 1906இல் வந்த 'இன் அவர் டவுன்' என்ற அவருடைய கதைத் தொகுப்பு முழுக்கச் சின்ன ஊர்ப் பத்திரிகை ஆபீஸைப் பற்றியதுதான்.

இந்த வரிகளை ஸ்கேன்களில் படிக்கும்போது எனக்கு ஞாபகம் வருவது சர்வர் லாக். நாள் முழுக்க எழுதிக்கொண்டே இருக்கும், ஒருத்தரும் திறந்து பார்க்க மாட்டார்கள். ஏதாவது உடைந்த அன்றைக்குத்தான் அதன் அருமை தெரியும். அந்த லாகில் எது பதிவாகவில்லை என்பதும் அன்றைக்குத்தான் தெரியும். கான்சாஸ்காரர்கள் இந்த விஷயத்தில் கொடுத்து வைத்தவர்கள். அவர்களுடைய மாநில வரலாற்றுச் சங்கத்தை 1875இல் தொடங்கியதே பத்திரிகை ஆசிரியர்கள்தான். தங்கள் பத்திரிகைகளைத் தாங்களே சேர்த்து வைத்தார்கள். அதனால் அங்கே ஒரு குக்கிராமத்து வாரப் பத்திரிகைகூடப் படச்சுருளில் கிடைக்கிறது.

கெஸட்டின் இந்த வியாபாரப் பக்கத்தை ஒழுங்காக எழுதிய புத்தகம் ஸாலி ஃபோர்மன் கிரிஃபித்தின் 'ஹோம் டவுன் நியூஸ்' (1989). ஒயிட்டின் சுயசரிதையைப் படித்துவிட்டு இதைப் படிப்பது, கல்யாண ஆல்பத்தைப் பார்த்துவிட்டுக் கல்யாணச் செலவுக் கணக்கைப் பார்ப்பது மாதிரி. கிரிஃபித்தின் பார்வையில் ஒயிட்டைப் புரிந்துகொள்ளும் வழி 'பூஸ்டர்' மனோபாவம். ஊரை உயர்த்திப் பேசு, ஊர் வளர்ந்தால் கடைகள் வளரும், கடைகள் வளர்ந்தால் விளம்பரம் வளரும். 1899இல் எம்போரியாவில் ஒரு தெருத் திருவிழா நடக்கிறது. முன்னின்று நடத்தியது கெஸட் ஆசிரியர். சிகாகோவிலிருந்து ரயிலில் ஏற்றி ஒரு மோட்டார் காரை வரவழைத்துத் தெருவில் ஓட்டிக் காட்டினார்கள். சுற்றுப்பட்டு ஜனங்களில் பெரும்பாலோர் அதுவரை காரையே பார்த்தது இல்லை. செய்தியை ஏற்பாடு செய்தவரும் அவரே, எழுதியவரும் அவரே, விற்றவரும் அவரே. இன்றைக்கு இதற்கு வேறு பெயர் வைத்துச் சம்பளம் கொடுக்கிறார்கள்.

சரி, தலையங்கங்களுக்கு வருவோம். 1896 ஆகஸ்ட் 15இல் வந்தது 'கான்சாஸுக்கு என்ன வந்துவிட்டது?' என்று தமிழில் சொல்லத்தக்க தலைப்புடைய தலையங்கம். பின்னணி எல்லாருக்கும் தெரிந்ததுதான். ஜனாதிபதித் தேர்தல் சமயம். மனைவி ஸாலி கொலராடோவில் இருக்கிறார். ஒயிட் தன் முதல் கதைத் தொகுப்பின் அச்சுப் பிரதிகளோடு அங்கே கிளம்பும் அவசரத்தில் இருக்கிறார். தெருவில் பாப்புலிஸ்ட் விவசாயிகள் கூட்டமொன்று அவரைச் சூழ்ந்துகொண்டு கேலி செய்கிறது. பதில் சொல்ல வராமல் கொதித்துப்போய் ஆபீஸுக்கு வந்து ஒரே மூச்சில் எழுதி வைத்துவிட்டு ரயிலேறிவிட்டார். திரும்பி வந்தபோது நாடு முழுக்கப் பிரபலம். மெக்கின்லியின் தேர்தல் வேலையைப் பார்த்த மார்க் ஹன்னா அதை நாடெங்கும் துண்டுப் பிரசுரமாக விநியோகிக்கச் செய்தார்.

எழுத்தாக அது அசாத்தியம். ஏச்சில் ஒரு தாளம் இருக்கிறது, நக்கல் வரிக்கு வரி ஏறிக்கொண்டே போகிறது. இன்றைக்குச் சத்தமாகப் படித்தாலும் சிரிப்பு வரும். ஆனால் உள்ளூர்ப் பத்திரிகையின் வேலையாகப் பார்த்தால் அதைப் போன்ற தோல்வி வேறில்லை. தெருவில் தன்னை மறித்தவர்களிடம் ஒரு சோளத்தின் விலையைக்கூட அவர் கேட்கவில்லை. 1880களின் கடைசியில் தொடங்கிய வறட்சி, அடமானத்தில் போன நிலங்கள், ரயில்வே சரக்குக் கட்டணம், விறகைவிட மலிவாகிப் போன சோளத்தை அடுப்பில் எரித்த குளிர்காலங்கள் என்று எதற்கும் அதில் இடமில்லை. மாறாக முதல் பாதி முழுக்க ஒரே புலம்பல்: மற்ற மாநிலங்களில் ஜனத்தொகை ஏறுகிறது, நம்மிடம் குறைகிறது, பணம் நம்மைவிட்டு ஓடுகிறது, வெளியூர்க்காரர்கள் நம்மைப் பார்த்துச் சிரிக்கிறார்கள்.

இதைக் கோபத்தில் வெடித்த எழுத்து என்று எல்லாரும் சொல்கிறார்கள். எனக்கு அப்படித் தோன்றவில்லை. இது அதே பூஸ்டர் எழுத்துதான், தலைகீழாகத் திருப்பியது. "ஊர் மானம் போகுதே" என்று கத்துகிறவரும் "எங்க ஊரைப் போல உண்டா" என்று பீற்றிக்கொள்கிறவரும் ஒரே ஆள்தான். இரண்டு பேருக்கும் முகம் வெளியூரைப் பார்த்துத்தான் இருக்கும். அந்தத் தலையங்கத்தைக் கொண்டாடியதும் கான்சாஸ் விவசாயி இல்லை, கிழக்கே இருந்த பணக்காரர்கள். கெஸட் தன் புகழை இப்படித்தான் சம்பாதித்தது: அக்கம்பக்கத்தாரைத் திட்டி, தூரத்துக்காரர்களிடம் கைதட்டு வாங்கி. ஒயிட்டின் நேர்மைக்கு ஒரு கும்பிடு போடலாம். பிற்பாடு அவரே இதைப் பெருமையாகச் சொல்லிக்கொள்ளவில்லை. அந்த வயதில் தான் எவ்வளவு அறியாமையில் இருந்தேன் என்று சுயசரிதையில் ஒளிக்காமல் எழுதியிருக்கிறார். அப்போது எதைக் கேலி செய்தாரோ அதில் பாதியைப் பின்னாளில் சீர்திருத்தம் என்று அவரே ஆதரித்தார். 1897இல் தியோடர் ரூஸ்வெல்ட்டைச் சந்தித்ததில் ஆரம்பித்தது அந்த மாற்றம். 1912இல் ரூஸ்வெல்ட்டின் பின்னால் கட்சியை விட்டே வெளியேறினார். "ஓட மாட்டேன்" என்ற வாக்கு அத்தோடு போயிற்று.

அடுத்தது 1921. அவருடைய மகள் மேரி, 16 வயது. மே மாதம் ஒரு நாள் குதிரையில் போகும்போது தாழ்ந்திருந்த மரக்கிளை தலையில் அடித்து இறந்துபோனாள். நாலு நாள் கழித்து அப்பா எழுதிய 'மேரி ஒயிட்' அமெரிக்கப் பள்ளிப் பாடப் புத்தகங்களில் பல தலைமுறைகளாக இருந்தது. சாதாரணமாக இதைத் துயரத்தின் இலக்கியம் என்று படிக்கிறோம். அதில் தப்பில்லை. ஆனால் அது தொடங்குவது ஒரு செய்தித் திருத்தத்தோடு. குதிரையிலிருந்து விழுந்து இறந்தாள் என்று அசோசியேட்டட் பிரஸ் அனுப்பிய செய்தி தவறு, அவள் குதிரையிலிருந்து விழுந்ததே இல்லை என்று ஆரம்பிக்கிறார். அப்புறம் எந்தத் தெரு, எந்தத் திருப்பம், யார் யாருக்குக் கையாட்டினாள் என்று பெயர் பெயராகச் சொல்லிக்கொண்டு போகிறார். கடைசியாக அவள் கையாட்டியது பள்ளியில் தெரிந்த ஒரு பையனுக்கு. அவன் கெஸட் போட்டுக்கொண்டிருந்தவன்.

முழுக்க முழுக்க உள்ளூர்க் குறிப்புகளால் கட்டின எழுத்து அது. ஊருக்குள் நடமாடும் ஆட்கள், சந்திப்பில் நிற்கும் போக்குவரத்துக் காவலர், பள்ளி ஆண்டு மலருக்கு அவள் வரைந்த படங்கள். கெஸட் தினமும் இரண்டு வரியில் செய்துகொண்டிருந்த வேலையை அன்றைக்கு இரண்டு பத்தி அகலத்துக்குச் செய்தது, அவ்வளவுதான். வெளியூருக்காக எழுதின ஒரு வார்த்தைகூட அதில் இல்லை.

என்னால் தாண்டிப் போக முடியாத இடம் ஒன்று அதில் இருக்கிறது. ஊர் உயர்நிலைப் பள்ளியில் கறுப்பின மாணவிகளுக்கு ஓய்வறை கிடையாது. உட்கார வேறு இடமில்லாமல் ஒரு பெண் கழிவறையில் உட்கார்ந்து படித்துக்கொண்டிருந்ததை மேரி பார்த்திருக்கிறாள். யாரால் அதைச் சரிசெய்ய முடியும் என்று அவள் நினைத்தாளோ அவர்களையெல்லாம் விடாமல் நச்சரித்திருக்கிறாள். இதை எழுதும் அப்பாவின் குரலில் பெருமை தெரிகிறது. அந்த அப்பா அந்த ஊரில் 26 வருஷமாகத் தினசரி நடத்துகிறவர். தெருத் திருவிழாவுக்கு சிகாகோவிலிருந்து காரைக் கொண்டுவர முடிந்தவர். ஊரில் எதையாவது சரிசெய்ய முடிகிற ஆள் என்று ஒரு பட்டியல் போட்டால் முதல் பெயரே அவருடையதுதானே? அவள் நச்சரித்தவர்களில் அவரும் ஒருவராக இருந்திருப்பார் என்றுதான் நான் நினைக்கிறேன். அந்தப் பள்ளியில் அப்படி ஓர் அறை இல்லை என்பதை இன்றைக்கு உலகமே அறிந்திருப்பது ஓர் இரங்கல் குறிப்பின் வழியாக. மேலான மனிதர்களின் சராசரிக் கருத்தில் அந்த மாணவிகள் வரவில்லை. ஒரு பதினாறு வயசுப் பெண் செத்த பிறகு நாலு வரியாக வந்தார்கள்.

இந்த விஷயத்தை ஒயிட் மேல் வழக்காகத் தொடுக்கவில்லை. அவர் ஒளிக்கவில்லை என்பதே பெரிசு. ஆனால் அந்தக் கட்டுரையை "என்ன ஓர் அப்பா" என்று மட்டும் படிப்பது போதாது.

இதற்கு அடுத்த வருஷம்தான் 49 சதவீதம்.

1922 ஜூலை 1இல் நாடு முழுக்க ரயில்வே பணிமனைத் தொழிலாளர்கள் வேலைநிறுத்தம் செய்தார்கள். எம்போரியா சான்டா ஃபே ரயில்வேயின் முக்கிய நிலையம். வேலைநிறுத்தக்காரர்கள் கடைகளுக்கு ஓர் அட்டை கொடுத்தார்கள்: நாங்கள் போராடும் ரயில்வே தொழிலாளர்களை 100 சதவீதம் ஆதரிக்கிறோம் என்று. பல கடைக்காரர்கள் ஜன்னலில் வைத்தார்கள். கான்சாஸில் அப்போது தொழில் நீதிமன்றம் என்று ஓர் ஏற்பாடு இருந்தது. 1920 சட்டம், அத்தியாவசியத் தொழில்களில் வேலைநிறுத்தத்தைத் தடுப்பதற்காக வந்தது. கொண்டு வந்தவர் கவர்னர் ஹென்றி ஆலன். அவரும் பத்திரிகை முதலாளி, விசிட்டா பீக்கன் அவருடையது. ஒயிட்டுக்கு நெருங்கிய நண்பர். அட்டை வைப்பதும் ஒருவகை மறியல்தான், எடுத்துவிடுங்கள் என்று ஆலனின் அரசு உத்தரவு போட்டது.

ஒயிட் கெஸட் ஜன்னலில் ஓர் அட்டை வைத்தார். 100 இல்லை, 49 சதவீதம். வன்முறை இல்லாமல் கழியும் ஒவ்வொரு நாளுக்கும் ஒரு சதவீதம் கூட்டுவேன் என்றார். அவர் மேல் வாரன்ட் வந்தது. அந்தச் சமயத்தில் கவலைப்பட்ட நண்பர் ஒருவருக்குப் பதில் சொல்வதுபோல் ஜூலை 27இல் ஒரு சின்னத் தலையங்கம் எழுதினார். பேச்சுரிமையைப் பற்றியது. அமைதியான காலத்தில் எல்லாரும் அதை ஒப்புக்கொள்வார்கள், சிக்கலான காலத்தில்தான் அது வேண்டியிருக்கிறது என்பது சாரம். 1923 புலிட்சர் பரிசு அதற்குக் கிடைத்தது. டிசம்பரில் அரசு வழக்கைக் கைவிட்டது. ஒயிட்டுக்கு அதில் சந்தோஷமில்லை, விசாரணை நடக்க வேண்டும் என்று நின்றவர் அவர். தொழில் நீதிமன்றச் சட்டத்தையே 1923லும் 1925லும் அமெரிக்க உச்ச நீதிமன்றம் பிய்த்துப் போட்டது.

இந்தத் தலையங்கத்தை எல்லாரும் சிலாகிக்கிறார்கள். எனக்கு அதைவிட அந்த அட்டைதான் பெரிய எழுத்தாகத் தெரிகிறது. தலையங்கம் பொதுவானது. ஊர்ப் பெயரை எடுத்துவிட்டு எந்த நாட்டில் வேண்டுமானாலும் அச்சடிக்கலாம், அடிக்கவும் செய்கிறார்கள். 49 என்பது எம்போரியாவில் மட்டுமே எழுத முடிகிற எண். பாதிக்கு ஒன்று குறைவு. தொழிலாளிகள் சொல்வது முழுக்கச் சரி என்று அவர் நினைக்கவில்லை, அதைப் பொய்யாகச் சொல்லவும் மாட்டார். அதே சமயம் அவர்கள் வாயைக் கட்டுவதையும் ஏற்க மாட்டார். இரண்டையும் ஒரே எண்ணில், கொஞ்சம் குசும்போடு, தெருவில் போகிற எல்லாரும் பார்க்கிற இடத்தில் வைத்தார்.

கிரிஃபித் வழியில் இதற்கும் ஒரு கணக்குப் போடலாம். ரயில்வே சம்பளம்தான் கடைத்தெருவில் புழங்குகிற பணம். அந்தத் தொழிலாளிகள் கெஸட் வாசகர்கள். அட்டை வைத்த கடைக்காரர்கள் கெஸட் விளம்பரதாரர்கள். அதனால் இது தைரியமே இல்லை, வியாபார புத்தி என்று ஒருவர் வாதாடலாம். அதில் கொஞ்சம் உண்மையும் உண்டு. ஆனால் எதிர்ப்பக்கத்தில் நின்றது யார் என்று பார்க்க வேண்டும். 1896இல் அவர் திட்டியது தனக்கு வேண்டாதவர்களை. கைதட்டியது பலம் உள்ளவர்கள். 1922இல் எதிரே நிற்பது நண்பர், சொந்தக் கட்சிக்காரர், கவர்னர், சக பத்திரிகைக்காரர். நாளைக்கு ஒரே மேஜையில் உட்கார்ந்து சாப்பிட வேண்டிய ஆள். இதை வியாபாரக் கணக்கில் அடைக்க எனக்கு முடியவில்லை.

1924 பற்றி அதிகம் சொல்லத் தேவையில்லை. கிளான் கான்சாஸில் பரவியது. அதில் சேர்ந்தவர்கள் ரவுடிகள் என்று நினைத்துக்கொள்கிறோம். 1920களில் சேர்ந்தவர்களில் கடை வைத்திருந்தவர்கள், சர்ச்சில் முன்வரிசையில் உட்கார்ந்தவர்கள், ஊரில் மரியாதை உள்ளவர்கள் நிறைய. அதாவது முதல் தலையங்கத்தில் சொன்ன அதே மேலான மனிதர்களில் பலர். அவர்களுடைய சராசரிக் கருத்து முகமூடி போட்டுக்கொண்டு வந்து நின்றது. இரண்டு பெரிய கட்சி வேட்பாளர்களும் கிளானைக் கண்டிக்கத் தயங்கினார்கள். ஒயிட் சுயேச்சையாகக் கவர்னர் தேர்தலில் நின்றார், மாநிலம் முழுக்கக் காரில் சுற்றிக் கிளானைக் கிழித்துப் பேசினார், ஏறக்குறைய 1,50,000 வாக்குகள் வாங்கி மூன்றாவதாக வந்தார். பதவிக்கு நிற்க மாட்டேன் என்ற வாக்கும் போயிற்று. 1895இல் தந்தவற்றில் கடைசி வரை காப்பாற்றியது ஒன்றுதான்: ஊரைவிட்டுப் போகவில்லை. பெரிய நகரங்களிலிருந்து வேலைக்கு அழைப்புகள் வந்தன, போகவில்லை. 1944 ஜனவரியில் எம்போரியாவிலேயே காலமானார். பத்திரிகை மகன், பேத்தி, கொள்ளுப்பேரன் என்று அதே குடும்பத்தில் நாலு தலைமுறை ஓடியது.

இதையெல்லாம் நான் தோண்ட ஆரம்பித்ததற்குக் காரணம் எம்போரியா இல்லை, பக்கத்து மரியன். லயன் கவுன்ட்டிக்கு மேற்கே சேஸ் கவுன்ட்டி, அதற்கும் மேற்கே மரியன் கவுன்ட்டி. ஒரு மணி நேரக் கார்ப் பயணம். இரண்டாயிரம் பேர்கூட இல்லாத ஊர். அங்கே 1869இலிருந்து ஒரு வாரப் பத்திரிகை, மரியன் கவுன்ட்டி ரெக்கார்ட். அதன் பழைய ஆசிரியர் ஹோச்சும் கான்சாஸ் கவர்னராக இருந்தவர்தான் (அந்த மாநிலத்தில் இது ஒரு வியாதி போல). 1998இல் பத்திரிகை ஒரு பெரிய நிறுவனத்தின் கைக்குப் போய்விடாமல் இருக்க, அங்கேயே பல காலம் வேலை பார்த்த மேயர் குடும்பம் அதை வாங்கிக்கொண்டது.

2023 ஆகஸ்ட் 11 காலை உள்ளூர் போலீஸ் அந்த ஆபீஸுக்குள் புகுந்து கம்ப்யூட்டர்களையும் செல்போன்களையும் எடுத்துக்கொண்டு போனது. முதலாளி எரிக் மேயரின் வீட்டிலும் சோதனை. அங்கே இருந்தவர் அவருடைய அம்மா ஜோன் மேயர், 98 வயது, அதே பத்திரிகையில் நிருபராகவும் பத்தி எழுத்தாளராகவும் ஆசிரியராகவும் பல பத்தாண்டுகள் வேலை பார்த்தவர், பங்குதாரர். நடைத்தாங்கியோடு நின்று, என் வீட்டை விட்டு வெளியே போங்கள் என்று போலீஸைப் பார்த்துக் கத்துவது வீடியோவில் இருக்கிறது. மறுநாள் இறந்துவிட்டார்.

அந்தச் சோதனைக்குக் காரணமாகச் சொல்லப்பட்டது எது என்பதுதான் முக்கியம். தலையங்கம் இல்லை. மதுபான உரிமம் கேட்டிருந்த உள்ளூர் உணவகக்காரர் ஒருவரின் ஓட்டுநர் உரிமம் பற்றி ஒரு தகவல் வந்தது. நிருபர் அரசு இணையதளத்தில் அது உண்மையா என்று சரிபார்த்தார். ஆசிரியர் அதை வெளியிட வேண்டாம் என்று முடிவெடுத்து, தகவல் இப்படி வந்திருக்கிறது என்று போலீஸிடமே சொல்லவும் செய்தார். அச்சில் ஏறாத இரண்டு வரி. அதே போலீஸ் தலைவரின் பழைய வேலைக்காலம் பற்றியும் பத்திரிகை விசாரித்துக்கொண்டிருந்தது, அதுவும் அச்சில் ஏறியிருக்கவில்லை. அக்டோபரில் அவர் ராஜினாமா செய்தார். 2025இல் கவுன்ட்டி நிர்வாகம் மன்னிப்புக் கேட்டு 30 லட்சம் டாலருக்கு மேல் கொடுக்க ஒப்புக்கொண்டது.

இதை வைத்துக்கொண்டு கெஸட்டைத் திரும்பப் பார்த்தால் நாலு தலையங்கக் கதை இன்னும் நொண்டியடிக்கிறது. ஒயிட்டை யாரும் தலையங்கத்துக்காகக் கைது செய்யவில்லை. ஜன்னலில் வைத்த ஓர் எண்ணுக்காகத்தான் வாரன்ட் வந்தது. உள்ளூர் அதிகாரத்துக்கு வலிப்பது பொன்மொழி இல்லை, விவரம்.

சோதனை நடந்த வாரம் மேயரும் அவருடைய நாலைந்து ஊழியர்களும் பழைய கம்ப்யூட்டர்களைத் தூசி தட்டி, ராத்திரி முழுக்க உட்கார்ந்து இழந்த பக்கங்களை மறுபடி தயாரித்துப் புதன்கிழமை இதழைக் கொண்டுவந்துவிட்டார்கள். ஊரின் ஜனத்தொகையைவிட அதிகமான புதுச் சந்தாக்கள் நாடு முழுக்க இருந்து, வெளிநாட்டிலிருந்தும் வந்து குவிந்தன. 1896இல் கெஸட்டுக்குக் கிடைத்த கைதட்டலைப் போலவே இதுவும் தூரத்திலிருந்து வந்த கைதட்டல்தான், இந்தத் தடவை தகுதியான காரணத்துக்கு. அந்தப் புதுச் சந்தாதாரர்களில் எத்தனை பேர் மரியன் நகராட்சிக் கூட்டம் பற்றிய செய்தியைக் கடைசி வரி வரைக்கும் படித்திருப்பார்கள்? நானும் ஒரு வருஷச் சந்தா கட்டினேன். சோதனை பற்றிய செய்திகளை மட்டும்தான் படித்தேன். மற்ற பக்கங்கள் எல்லாம் இன்னும் திறக்காமல் ஒரு ஃபோல்டரில் கிடக்கின்றன.